பெட்டி எரிந்த வீடுகளுக்கு: கொழும்பில் ஒருவரைப் புதைத்த இடத்தைத் தேடுவது எப்படி

எங்கள் வீட்டுத் தகரப் பெட்டி 1983 ஜூலை 25ஆம் திகதி, தமிழருக்கு எதிரான கலவரத்தில், கொழும்பு கொட்டாஞ்சேனையில் வீட்டோடு எரிந்தது. அம்மப்பாவின் கல்வெட்டுப் புத்தகம், அம்மம்மாவின் கலியாணப் படம், காணி உறுதி இரண்டு, ஒரு குழந்தையின் மரண அத்தாட்சிப் பத்திரம், எல்லாம் அதற்குள்தான் இருந்தன. அந்தக் குழந்தை அம்மம்மாவின் முதற்பிள்ளை. வீட்டில் அவளை "மூத்தது" என்றுதான் சொல்வார்கள். "மூத்தது இருந்திருந்தால்" என்று தொடங்கி அம்மம்மா பாதியில் நிறுத்திவிடுவா. கொழும்பில் தாட்டது என்பதற்கு மேல் எங்களுக்கு ஒன்றும் தெரியாது.

நான் கொழும்பிலுள்ள ஒரு தமிழ்ப் பத்திரிகையில் 27 வருடம் மரண அறிவித்தல் எடுத்தவள். கவுண்டருக்கு அந்தப் பக்கம் அழுதபடி நிற்பவர்களிடம் பெயர், ஊர், உறவுமுறை கேட்டு எழுதுவது என் வேலை. ஓய்வு பெற்ற பிறகுதான் மூத்ததைத் தேடத் தொடங்கினேன். தேடியபோது படித்ததைத்தான் கீழே எழுதுகிறேன். பெட்டி எரிந்த வீடுகள் இந்த நகரத்தில் ஆயிரக்கணக்கில் உண்டு. ஆனால் ஒரு சாவு ஒரே ஒரு காகிதத்தில் பதிவாவதில்லை. உங்கள் வீட்டுப் பிரதி எரிந்திருந்தாலும் வேறு இடங்களில் அந்தப் பெயர் இருக்கக்கூடும்.

முதலில் வீட்டிலுள்ள கிழவியிடம் கேளுங்கள்

"எந்த வருஷம் அம்மம்மா?" என்று கேட்டால் பதில் வராது. எந்த வீட்டில் குடியிருந்தீர்கள், யார் வயிற்றில் இருந்தது, எந்தத் திருவிழாவுக்கு முன்னால், மழையா வெயிலா என்று கேட்க வேண்டும். என் பெரியம்மா இப்படிக் கேட்டபோது யோசிக்காமலே சொன்னா: "விக்கிரம வருஷம், ஆடி அமாவாசைக்கு முதல் கிழமை. அம்மா விரதம் பிடிக்கேலாமல் கிடந்தவவாம்."

இது போதும். தமிழ் வருடப் பெயர்கள் 60, சித்திரையில் மாறும். பிரபவ 1867, 1927, 1987 ஆகிய ஆண்டுகளின் ஏப்ரலில் பிறந்தது. விக்கிரம அந்த வரிசையில் 14ஆவது. ஆகவே 1880, 1940, 2000. அம்மம்மாவின் வயதுக்கு 1940 மட்டுமே பொருந்தும். அந்த ஆண்டு ஆடி அமாவாசை ஓகஸ்ட் தொடக்கத்தில் வந்தது. ஆக நான் தேட வேண்டியது 1940 ஜூலை கடைசிப் பத்து நாட்களும் ஓகஸ்ட் முதற்சில நாட்களும்தான். வாக்கிய பஞ்சாங்கத்துக்கும் திருக்கணிதத்துக்கும் திதி ஒரு நாள் முன்பின் போகும், அதனால் இரு பக்கமும் சில நாட்கள் கூட்டியே வைத்துக்கொள்ளுங்கள். தை முதல் பங்குனி வரையான மாதங்கள் அடுத்த ஆங்கில வருடத்துக்குள் விழும் என்பதையும் மறக்க வேண்டாம். விக்கிரம மாசி என்றால் 1941.

கல்வெட்டும் மரண அறிவித்தலும்

கிறிஸ்தவர்களுக்குக் கல்லறையில் கல் இருக்கும். எரித்துச் சாம்பலைக் கடலில் கரைக்கிற எங்களுக்குக் கல் கிடையாது. அதனால்தானோ என்னவோ, 31ஆம் நாள் அந்தியேட்டிக் கிரியைக்கு அச்சடித்துக் கொடுக்கிற சிறு புத்தகத்துக்குக் கல்வெட்டு என்றே பெயர் வைத்திருக்கிறோம். அதில் வம்சம், பிறந்த ஊர், உத்தியோகம், ஒப்பாரி எல்லாம் இருக்கும். முன்பக்கத்தில் திதி வெண்பா ஒன்று இருக்கும். அந்த நாலு வரிக்குள் வருடம், மாதம், பட்சம், திதி வந்துவிடும். மரண அத்தாட்சிப் பத்திரம் தொலைந்த வீட்டில் திதி வெண்பா மனப்பாடமாக ஒருவருக்காவது தெரிந்திருக்கும். ஆண்டுத் திவசத்துக்கு ஐயரிடம் அதைத்தானே சொல்ல வேண்டும்!

கல்வெட்டு ஒரு வீட்டில் மட்டும் இருப்பதில்லை. நூறு, இருநூறு அடித்து உறவுக்கும் அயலுக்கும் கொடுப்பார்கள். ஆகவே உங்கள் வீட்டில் எரிந்தது சம்பந்தி வீட்டுப் பரணில் இருக்கலாம். யாழ்ப்பாணத்திலுள்ள பழைய அயல்வீட்டைக் கேளுங்கள், கனடாவுக்குப் போன மச்சாளைக் கேளுங்கள். நூலகம் எண்ணிம நூலகம் 2005இலிருந்து இப்படிப்பட்ட நினைவு மலர்களையும் கல்வெட்டுகளையும் வருடி இணையத்தில் வைத்திருக்கிறது. பெயரை மட்டும் போட்டுத் தேடாமல் ஊர்ப் பெயரோடு சேர்த்துத் தேடுங்கள். உங்கள் ஆள் இல்லாவிட்டாலும் அவருடைய சகோதரத்தின் கல்வெட்டில் வம்சாவளி இருக்கும், அதற்குள் அவர் இருப்பார்.

பத்திரிகை மரண அறிவித்தலை வாசிக்க ஒரு முறை உண்டு. "கரவெட்டியைப் பிறப்பிடமாகவும் கொழும்பு வெள்ளவத்தையை வசிப்பிடமாகவும் கொண்ட" என்று தொடங்கும். பிறகு "காலஞ்சென்றவர்களான" என்ற சொல் எங்கெங்கே வருகிறது என்று பாருங்கள். அந்தச் சொல் யாருக்கு முன்னால் நிற்கிறதோ அவர்கள் அந்தத் திகதிக்கு முன்னரே போய்விட்டார்கள். பத்து வருட இடைவெளியில் ஒரே குடும்பத்தின் இரண்டு அறிவித்தல்களை எடுத்து ஒப்பிட்டால், இடையில் யார் இறந்தார் என்பது இந்த ஒரு சொல்லிலேயே தெரிந்துவிடும். நான் எழுதிய ஒவ்வொரு அறிவித்தலிலும் இந்தச் சொல்லை இரண்டு தரம் சரிபார்ப்பேன். உயிரோடு இருப்பவருக்கு முன்னால் அது விழுந்தால் அந்த வீட்டுக்கு இரண்டாவது செத்தவீடு.

கடைசி வரிதான் உங்களுக்கு முக்கியம். "பூதவுடல் பொரளை மலர்ச்சாலையில் அஞ்சலிக்காக வைக்கப்பட்டு, கனத்தை இந்து மயானத்தில் தகனம் செய்யப்படும்" என்று நிலத்தின் பெயரும் நேரமும் இருக்கும். சொல்லை வைத்தே சமயமும் தெரியும். சிவபதம் அடைந்தார், கர்த்தருக்குள் நித்திரையடைந்தார், வபாத்தானார் என்று அவரவருக்கு ஒரு சொல். தகனம் என்றால் அந்த இடத்தில் தேட ஒன்றும் இருக்காது. நல்லடக்கம் என்றால் மட்டுமே புதைகுழியைத் தேடிப் போங்கள்.

வீரகேசரி 1930இலும் தினகரன் 1932இலும் தொடங்கின. பழைய பத்திரிகைக் கட்டுகளை கொழும்பு 7இல் உள்ள தேசிய சுவடிக்கூடத்தில் பார்க்கலாம். அடையாள அட்டை, பென்சில், பொறுமை மூன்றும் கொண்டு போங்கள். மரணத் திகதியிலிருந்து முதல் மூன்று நாட்களைப் பாருங்கள். கிடைக்காவிட்டால் 31ஆம் நாளைப் பாருங்கள், பிறகு ஒரு வருட நினைவஞ்சலியைப் பாருங்கள். அவசரத்தில் அறிவித்தல் போடாதவர்களும் நினைவஞ்சலி போடுவார்கள், பெரும்பாலும் படத்தோடு.

மூத்ததுக்கு இதில் ஒன்றும் இல்லை. ஒன்பது மாதக் குழந்தைக்கு யார் கல்வெட்டு அடிப்பார்கள்?

பதிவேட்டில் உள்ள ஒரு வரி

மிஞ்சியது அரசாங்கப் பதிவேடு. இங்கேதான் நான் ஐந்து மாதம் வீணாக்கினேன், நீங்கள் வீணாக்க வேண்டாம். எங்கள் வீடு கொட்டாஞ்சேனையில் இருந்தபடியால் கொழும்புப் பிரதேச செயலகத்தில் தேடச் சொல்லி விண்ணப்பம் கொடுத்தேன். இல்லை என்று வந்தது. வேறு எழுத்துக்கூட்டலில் மறுபடி கொடுத்தேன். மறுபடியும் இல்லை. மரணம் பதியப்படுவது ஆள் வசித்த இடத்தில் அல்ல, உயிர் பிரிந்த இடத்தில். பெரியம்மாவிடம் திரும்பப் போய் "வீட்டிலையோ, ஆஸ்பத்திரியிலையோ?" என்று கேட்டேன். "பொரளைப் பிள்ளைகள் ஆஸ்பத்திரியிலை. நெஞ்சுச் சளி" என்றா. பொரளை திம்பிரிகஸ்யாய பிரதேச செயலகப் பிரிவுக்குள் வருகிறது. கொழும்பு நகரம் இந்த இரண்டு பிரிவுகளாகத்தான் இருக்கிறது, பெரிய ஆஸ்பத்திரிகளில் இறந்தவர்களுக்கு எந்தப் பிரிவு என்று முதலிலேயே கேட்டுவிடுங்கள்.

பெயரின் எழுத்துக்கூட்டல் அடுத்த தடை. பதிவேடு ஆங்கிலத்தில் எழுதப்பட்டிருந்தால், கந்தையாவைக் 'கே'யிலும் தேட வேண்டும், 'சீ'யிலும் தேட வேண்டும். தம்பையாவை 'டீ'க்குப் பின் 'எச்' வைத்தும் வைக்காமலும் தேட வேண்டும். தகப்பன் பெயர் முன்னால் வந்திருக்கும், அல்லது பிள்ளையின் பெயர் தகப்பன் பெயராகவே மாறியிருக்கும். ஒரு தாளில் நாலைந்து விதமாக எழுதிக் கொண்டு போய்க் கொடுத்தால் தேடுகிற எழுதுவினைஞருக்கும் உதவி. தாயின் பெயரையும் கட்டாயம் எழுதுங்கள். குழந்தைகள் விஷயத்தில் தாயின் பெயர்தான் வழிகாட்டும்.

அத்தாட்சிப் பத்திரம் கையில் வந்தால் மரணத்தின் காரணம் எழுதியிருக்கிற கூட்டைப் பாருங்கள். அதிலேயே புதைத்த அல்லது தகனம் செய்த இடமும் எழுதியிருக்கும். பலரும் திகதியைப் பார்த்துவிட்டு மடித்து வைத்துவிடுகிறார்கள். மயானத்துக்கு வழி அந்தக் கூட்டில்தான் இருக்கிறது.

கிறிஸ்தவக் குடும்பமானால் கோயிலின் அடக்கப் பதிவேட்டையும் கேளுங்கள். கொழும்புச் செட்டிகளும் பழைய தமிழ்ப் புரட்டஸ்தாந்துக் குடும்பங்களும் ஜிந்துப்பிட்டி சென் தோமஸ் கோயிலை மறக்கக் கூடாது. பிரவுன்றிக் என்ற பிரித்தானியர் இலங்கை ஆளுநராக இருந்த காலத்தில் தமிழ்க் கிறிஸ்தவர்களுக்கென்று எழுந்த கோயில் அது. தரங்கம்பாடிப் பக்கத்திலிருந்து வந்த கிறிஸ்தியன் தாவீது போதகர் அங்கே ஊழியம் செய்தார். குருவானவருக்கு முதலில் கடிதம் எழுதி, அவர் சொல்லும் நாளில் போங்கள். ஞாயிறு பூசை முடிந்த கையோடு பதிவேடு கேட்டு நிற்காதீர்கள்.

நிலங்கள்

பொரளைக் கனத்தை 1866இல் திறந்தது. கொழும்பு மாநகர சபை உருவானது அதற்கு ஒரு வருடம் முன்னால், 1865இல். அதற்கு முன் அவரவர் கோயில் வளவிலும் கோட்டைக்கு அருகிலும் புதைத்தார்கள். வெள்ளைக்காரரின் பழைய இடுகாடு காலிமுகத்திடலுக்குப் பக்கத்தில் இருந்தது. இன்று அந்தப் பக்கம் காற்று வாங்கப் போய் இஸ்ஸோ வடை சாப்பிடுகிற எத்தனை பேருக்கு அது தெரியும்? அங்கிருந்த கற்களில் பல பிறகு கனத்தைக்குக் கொண்டு வரப்பட்டன. அதனால் கனத்தையில் 1866க்கு முந்திய திகதியுள்ள கல்லைக் கண்டால் குழம்ப வேண்டாம், அது வேறு இடத்திலிருந்து வந்த கல். பென்றி லூயிஸ் என்ற சிவில் அதிகாரி இலங்கையிலுள்ள கல்லறை வாசகங்களைத் தொகுத்து 1913இல் வெளியிட்டார். ஐரோப்பியப் பெயருள்ள பழைய ஆளைத் தேடுபவர்கள் அதிலிருந்து தொடங்கலாம்.

கோட்டைக்குள் இருந்த டச்சு ஆளுநர்களின் எச்சங்களும் கற்களும் 1813இல் வொல்வெண்டால் கோயிலுக்கு மாற்றப்பட்டன. 1757இல் திறந்த கோயில், நான் பிறந்து வளர்ந்த வீட்டிலிருந்து பத்து நிமிட நடை. சின்ன வயதில் அந்தச் செதுக்குக் கற்களின் மேல் கால் வைக்கப் பயந்து ஓரமாக நடப்போம். ஆளுநர்களே இடம் மாறியிருக்கிறார்கள். உங்கள் பாட்டனின் கல் நின்ற இடத்தில் இல்லை என்றால், அது எங்கே மாற்றப்பட்டிருக்கும் என்று கேட்பதே அடுத்த வேலை.

வடகொழும்புத் தமிழருக்கு மாதம்பிட்டி மயானம், தெற்கே கல்கிசை. ஜாவத்தையில் கத்தோலிக்க இடுகாட்டோடு இரண்டாம் உலகப் போர்க் கல்லறைகள் இருக்கின்றன. போர்வீரர்களைத் தேடுபவர்களுக்கு வேலை சுலபம், பொதுநலவாயப் போர்க் கல்லறை ஆணைக்குழுவின் இணையப் பட்டியலில் பெயரும் வரிசை எண்ணும் இருக்கும்.

முஸ்லிம் குடும்பங்கள் மாளிகாவத்தை, குப்பியாவத்தை, ஜாவத்தை மையவாடிகளில் தேட வேண்டும். மீசான் கல்லில் பல வேளை பெயரே இருக்காது, ஆகவே பள்ளிவாசல் நிர்வாகத்தின் ஜனாஸாப் பதிவே ஆதாரம். திகதி ஹிஜ்ரியில் இருந்தால் மாற்றிப் பாருங்கள். சந்திர ஆண்டு ஏறக்குறைய 11 நாள் குறைவு. கொழும்பில் கிடைத்த மிகப் பழைய கல்லறைக் கல் ஒன்று முஸ்லிம்களுடையது. 10ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த, கூஃபி என்ற பழைய அரபு எழுத்துப் பொறித்த அந்தக் கல்லை டச்சுக்காரர் காலத்தில் ஓர் அதிகாரி எடுத்துக்கொண்டுபோய் வீட்டுப் படியாகப் போட்டிருந்தார். போர்த்துக்கேயர் வருவதற்கு ஐந்நூறு வருடத்துக்கு மேல் முந்திய ஒரு மனிதரின் பெயரை மிதித்து ஏறியிருக்கிறார்கள். இதை எழுதும்போது எனக்கு இப்போதும் கோபம் வருகிறது.

2020 ஏப்ரலிலிருந்து 2021 பெப்ரவரி இறுதி வரை கொரோனாவில் இறந்த எல்லோரையும் எரித்தார்கள், முஸ்லிம்களையும் கிறிஸ்தவர்களையும் கூட. பிறந்து 20 நாளே ஆன ஒரு முஸ்லிம் குழந்தையை 2020 டிசம்பரில் எரித்தபின், சனங்கள் கனத்தை வேலிக் கம்பிகளில் வெள்ளைத் துணி கட்டினார்கள். அந்த மாதங்களில் போனவர்களுக்கு மையவாடியில் தேட வேண்டாம். 2021 மார்ச்சிலிருந்து புதைக்க விட்டபோதும் கொழும்பில் விடவில்லை, மட்டக்களப்பு மாவட்டம் ஓட்டமாவடி வரை கொண்டு போனார்கள். கொழும்பு முகவரியுள்ளவரின் கப்ரு அங்கே இருக்கலாம். அரசாங்கம் மன்னிப்புக் கேட்க அமைச்சரவை தீர்மானித்தது 2024 ஜூலையில்.

நேரில் போகும்போது

எங்கள் வழக்கத்தில் பெண்கள் சுடலைக்குப் போவதில்லை. படலையோடு நின்றுவிடுவோம். ஆயிரக்கணக்கான மயானப் பெயர்களை எழுதிய எனக்கு 60 வயது வரை ஒரு மயானத்தின் உள்ளே எப்படி இருக்கும் என்று தெரியாது. தயங்குகிற சகோதரிகளுக்குச் சொல்கிறேன், போங்கள். காலை ஏழு மணிக்குப் போனால் வெயில் சரிவாக விழும், தேய்ந்த எழுத்தும் நிழல் விட்டு எழும்பும். மத்தியானம் போனால் அதே கல் வெறும் பலகைபோல் கிடக்கும்.

ஒரு போத்தல் தண்ணீர், மென்மையான தும்புத் துடைப்பம் அல்லது பழைய பெயின்ட் பிரஷ், குடை. இவ்வளவும் போதும். பாசியைத் தண்ணீர் விட்டு ஊறவைத்து மெல்லத் துடையுங்கள். கம்பி பிரஷ், கத்தி, குளியலறை கழுவுகிற அமிலம் எதுவும் வேண்டாம். எழுத்தில் மாப் பூசிப் படமெடுக்கிறவர்களைக் கண்டிருக்கிறேன், மா ஈரம் பிடித்துப் பூஞ்சணம் வந்து கல்லைத் தின்னும். கல்லை மட்டும் படமெடுக்காமல் பக்கத்துக் கற்களும் மரமும் தெரிய இன்னொரு படம் எடுங்கள், அடுத்த தரம் வருபவர் அதைவைத்துத்தான் கண்டுபிடிப்பார். சொற்களையும் கவனியுங்கள். நான் பார்த்த கற்களில் 'ஜனனம், மரணம்' என்றிருப்பவை பழையவை, 'தோற்றம், மறைவு' அதற்குப் பின், 'மலர்வு, உதிர்வு' நேற்றையவை. திகதி உடைந்த கல்லுக்கு இது ஒரு துப்பு. செத்தவீட்டுக் கூட்டம் வந்தால் கமராவைப் பைக்குள் வைத்துவிட்டு ஒதுங்கி நில்லுங்கள்.

மயானக் கந்தோரில் திகதியையும் பெயரையும் எழுதிக் கொடுங்கள். பிறகு குழி வெட்டுகிற ஐயாமாரிடம் கேளுங்கள். பதிவேட்டிலுள்ள எண்ணை நிலத்தில் காட்டத் தெரிந்தவர்கள் அவர்கள்தான். தவணைக்குக் கொடுத்த குழிகளில் தவணை முடிந்தபின் வேறொருவரை வைத்திருப்பார்கள். அதைக் கேட்டுச் சண்டை பிடிக்காதீர்கள், அங்கே கிடப்பவரும் ஒரு வீட்டுப் பிள்ளை.

மூத்ததை மாதம்பிட்டியில்தான் தாட்டிருப்பார்கள் என்று நாங்கள் எல்லோரும் நம்பியிருந்தோம். வீட்டுக்குக் கிட்ட அதுதானே. அத்தாட்சிப் பத்திரத்தின் அந்தக் கூட்டில் கனத்தை என்று இருந்தது. ஆஸ்பத்திரியிலிருந்து கனத்தை நடக்கும் தூரம். அம்மப்பா பிள்ளையைக் கொட்டாஞ்சேனைக்குத் திருப்பிக் கொண்டு வராமல் அங்கேயே கொண்டு போயிருக்க வேண்டும்.

1983 ஜூலை 24ஆம் திகதி பின்னேரம், யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலியில் கொல்லப்பட்ட 13 இராணுவத்தினரை அடக்கம் செய்யவென்று சனம் கூடியது அதே கனத்தையில். அங்கே கிளம்பிய தீ பொரளையில் பிடித்து, மறுநாள் எங்கள் ஒழுங்கைக்கு வந்தது. பம்பலப்பிட்டி இந்துக் கல்லூரி அகதி முகாமில் இருந்து வெளியே வந்தபின், கனத்தை என்ற சொல்லை அம்மா வாயால் சொன்னதே இல்லை. பஸ் அந்தச் சந்தியால் போனால் மற்றப் பக்கம் பார்ப்பா. அந்த மதிலுக்குள்தான் அவவின் அக்கா 43 வருடமாகக் கிடந்தா என்பது அம்மாவுக்குத் தெரியாது.

கந்தோரில் கொடுத்த எண்ணோடு நானும் என் மகளும் ஒரு ஐயாவின் பின்னால் நடந்தோம். கல் ஒன்றும் இல்லை, புல்லும் பழைய சீமெந்து விளிம்பும். ஐயா செருப்பைக் கழற்றிவிட்டு, "இந்தப் பக்கம்தான் நோனா, சின்னப் பிள்ளைகள் வரிசை" என்று சிங்களம் கலந்த தமிழில் சொன்னார். கொண்டுபோன பாலை ஊற்றினோம்.

பத்திரத்தில் ஒரு பெயரும் இருந்தது. எங்கள் வீட்டில் ஒருவரும் அவளை அந்தப் பெயரால் கூப்பிட்டதில்லை, அப்படி ஒரு பெயர் வைத்தது பெரியம்மாவுக்குக்கூடத் தெரியாது. அதை இங்கே எழுதவில்லை. பிரதி நாலு எடுத்து, ஒன்றை யாழ்ப்பாணத்துக்கும் ஒன்றைத் தொறொன்ரோவுக்கும் அனுப்பினேன், ஒன்று மகளிடம் இருக்கிறது. நாலாவதைப் பெரியம்மாவிடம் கொடுத்து வாசித்துக் காட்டினேன். பெயர் வந்த இடத்தில் நிறுத்தி, இன்னொருக்கால் சொல்லச் சொன்னா.